84 என்ற எண்: ஒரு ஏழு இருக்கைக் காரின் சக்கர அளவு பற்றிய நிகழ்வு ஆய்வு

2024 ஜூன் பள்ளி விடுமுறையின் முதல் சனிக்கிழமை. காலை பத்தே முக்காலுக்குத் தங்கை தொலைபேசியில் அழைத்தாள். சிங்கப்பூரின் துவாஸ் சோதனைச்சாவடி வழியாக மலேசியாவுக்குள் போய், வடக்கு தெற்கு நெடுஞ்சாலையில் மாச்சாப் ஓய்விடத்தில் நிறுத்தியிருந்தார்கள். பயணம் பத்துமலைக்கு. மாமனார் கை கழுவிவிட்டு வரும்போது தற்செயலாகக் கண்டாராம், இடப்பக்கப் பின் டயரின் பக்கவாட்டில் கோழிமுட்டை அளவுக்கு ஒரு புடைப்பு. "காற்றைக் கொஞ்சம் குறைத்தால் அமுங்கிவிடுமா அண்ணே?" என்று கேட்டாள். வண்டியை நகர்த்தக் கூடாது என்று சொல்லிவிட்டு நான் நாற்காலியில் உட்கார்ந்தேன்.

பக்கவாட்டில் புடைப்பு வந்தால், உள்ளே இருக்கும் நூலிழை அடுக்கு அறுந்துவிட்டது என்று பொருள். காற்றை இப்போது தாங்கிக்கொண்டிருப்பது வெறும் ரப்பர். அது பத்து கிலோமீட்டரும் ஓடும், நூறு கிலோமீட்டரும் ஓடும், அடுத்த வளைவிலேயே வெடிக்கவும் செய்யும். ஒட்டுப்போட முடியாது. இழுவை வண்டி வந்து, பக்கத்து ஊரில் கிடைத்த ஏதோ ஒரு டயரை மாட்டி, பத்துமலையைப் பார்க்காமலேயே இரவு எட்டு மணிக்குச் செங்காங் வீட்டுக்குத் திரும்பினார்கள். மறுநாள் காலை அந்த வண்டி என் முன்னால் நின்றது.

நான் இருபது ஆண்டுகளுக்கு மேல் பேருந்துப் பணிமனையில் வேலை செய்தவன். கார் என் துறை அல்ல. ஆனால் டயர் டயர்தான். அன்று காலை பார்த்ததையும், அடுத்த மூன்று வாரங்களில் நாங்கள் போட்ட கணக்கையும், வாங்கியதையும் இங்கே எழுதுகிறேன். குடும்ப வண்டிக்கு ரிம் மாற்ற நினைக்கும் யாருக்கேனும் உதவலாம்.

வண்டி

டொயோட்டா விஷ், இரண்டாம் தலைமுறை, 1.8 லிட்டர். 2012-இல் பதிவானது. சிங்கப்பூரில் கார் வைத்திருக்க வாகன உரிமைச் சான்றிதழ் வேண்டும், அது பத்தாண்டுக்குத்தான் செல்லும். முதல் உரிமையாளர் 2022-இல் அதை ஐந்தாண்டுக்குப் புதுப்பித்தார். அடுத்த ஆண்டு மாப்பிள்ளை வாங்கினார். ஐந்தாண்டுப் புதுப்பிப்பை மறுபடி நீட்டிக்க முடியாது என்பதால் 2027-இல் வண்டி கழிவுக்குப் போயாக வேண்டும். இந்தத் தேதி பின்னால் கணக்கில் வரும்.

ஓட்டுநர் கதவைத் திறந்தால் தூணில் ஒட்டியிருக்கும் சீட்டில் நிறுவனம் சொன்ன அளவு இருக்கிறது: 195/65ஆர்15, சுமைக்குறி (டயர் எவ்வளவு எடை தாங்கும் என்பதற்கான குறியீடு) 91, காற்றழுத்தம் 230 கிலோபாஸ்கல். வண்டியில் மாட்டியிருந்ததோ 17 அங்குல ரிம், அதன் மேல் 205/45ஆர்17 84டபிள்யூ. பழைய உரிமையாளர் ஒரு பட்டறையில் போட்டுக்கொண்டது. அசல் 15 அங்குல ரிம்களை அங்கேயே விற்றுவிட்டாராம். வண்டியை வாங்கும்போது மாப்பிள்ளைக்கு அந்தக் கறுப்பு ரிம்கள்தான் முதலில் கண்ணில் பட்டன. அதை அவரே ஒப்புக்கொள்கிறார்.

வாங்கிய நாளிலிருந்தே மூன்று தொல்லைகள் இருந்திருக்கின்றன. விரைவுச்சாலையில் 85-ஐத் தாண்டினால் ஸ்டியரிங் நடுங்கும். வீட்டில் எல்லாரும் ஏறிக்கொண்டு பலமாடிக் கார் நிறுத்துமிடத்தின் சரிவில் திரும்பினால் பின்னால் "கர்ர்" என்று உரசும். சாலையில் சின்னக் குழி வந்தாலும் மூன்றாம் வரிசையில் உட்காரும் பெண் தலையைத் தடவிக்கொள்வாள். இரண்டு கடைகளில் சக்கரச் சமநிலை பார்த்தார்கள், ஒரு கடையில் அலைன்மென்ட் செய்தார்கள். நடுக்கம் போகவில்லை. பழைய வண்டி அப்படித்தான் இருக்கும் என்று பழகிக்கொண்டார்கள். மாச்சாபில் வந்த புடைப்பு நான்காவது தொல்லை.

ஒரே ஒரு தவறு நான்கு வடிவில் வெளிப்பட்டிருக்கும் என்றுதான் நான் முதலில் நினைத்தேன். அப்படியில்லை. நான்குக்கும் பொதுவான இடம் அந்த 17 அங்குல ரிம். காரணங்கள் மட்டும் வேறுவேறு.

நடுக்கம்

எளிதானதிலிருந்து தொடங்கினேன். முன் சக்கரத்தைக் கழற்றி ரிம்மின் நடுத்துளையை அளந்தேன்: 73.1 மில்லிமீட்டர். ரிம் போய் உட்காரும் அச்சின் நடுப்பகுதியை ஹப் என்பார்கள்; இந்த வண்டியில் அது 54.1 மில்லிமீட்டர். கடைகளில் தனியாக விற்கும் ரிம்கள் பல நிறுவன வண்டிகளுக்கும் பொருந்தட்டும் என்று பெரிய துளையோடு வருகின்றன. இடைவெளியை நிரப்ப ஒரு வளையம் போட வேண்டும். ஹப் ரிங் என்பார்கள், பிளாஸ்டிக்கிலும் உண்டு, அலுமினியத்திலும் உண்டு, பத்து இருபது வெள்ளிச் சமாச்சாரம். நான்கு சக்கரத்தையும் கழற்றினால் கிடைத்தவை இரண்டு வளையங்கள். அதில் ஒன்று பிளந்திருந்தது.

வளையம் இல்லாவிட்டால் ரிம்மை நடுவில் நிறுத்துவது ஐந்து நட்டுகள் மட்டுமே. கூம்பு வடிவ நட்டு கோட்பாட்டளவில் ரிம்மைத் தானாக மையத்துக்குக் கொண்டுவரும். ஆனால் வண்டியைத் தரையில் இறக்கிவைத்து, காற்றுத் துப்பாக்கியால் ஒரு நட்டை முழுதாக முறுக்கி, பிறகு பக்கத்து நட்டுக்குப் போகும் கடைகளில் கோட்பாடு வேலை செய்வதில்லை. ரிம் கால் மில்லிமீட்டர் தள்ளி உட்கார்ந்தாலே 90-இல் கைக்குத் தெரியும். சமநிலை பார்க்கும் இயந்திரத்தில் சக்கரம் தனியாக, சரியான மையத்தில் சுழல்கிறது. அங்கே குறை தெரியவே தெரியாது. இரண்டு கடைக்காரர்களும் பொய் சொல்லவில்லை. அவர்கள் பார்த்த இடத்தில் நோய் இல்லை.

நட்டு பற்றி இன்னொரு செய்தி. டொயோட்டாவின் அசல் அலாய் ரிம்களுக்குத் தட்டையான வாஷர் வைத்த நட்டு. வெளியில் வாங்கும் ரிம்களுக்குப் பெரும்பாலும் கூம்பு நட்டு. ஒன்றை மற்றொன்றில் போட்டு முறுக்கினால் இறுகியது போலவே இருக்கும், இறுகியிருக்காது. இந்த வண்டியில் நல்லவேளையாகக் கூம்பு நட்டுதான் இருந்தது. இந்த வகை டொயோட்டாக்களுக்கு முறுக்கு அளவு 103 நியூட்டன் மீட்டர். முறுக்குமானி இல்லாமல் கைக்கணக்கில் செய்பவரிடம் நான் என் வண்டியைக் கொடுக்க மாட்டேன்.

உரசல்

பின் டயரின் வெளித் தோளில் ஒரு விரல் அகலத்துக்குப் பளபளவென்று தேய்ந்த கோடு. மட்கார்டின் மடிந்த விளிம்பில் பெயின்ட் போயிருந்தது. அந்த இரண்டையும் பார்த்ததும் ரிம்மின் அகலத்தையும் ஆஃப்செட்டையும் பார்க்கத் தோன்றியது.

ஆஃப்செட் என்பது ரிம்மின் நடுக்கோட்டுக்கும் அது ஹப்பில் போய் ஒட்டும் முகத்துக்கும் உள்ள தூரம். எண் குறைந்தால் சக்கரம் வெளியே வரும், கூடினால் உள்ளே போகும். அசல் ரிம் ஆறு அங்குல அகலம். மாட்டியிருந்தது ஏழரை அங்குலம், ஆஃப்செட்டும் அசலைவிட 10 மில்லிமீட்டர் குறைவு. அகலத்தில் கூடிய ஒன்றரை அங்குலம் இரு பக்கமும் பாதி பாதியாகப் பிரியும்: பக்கத்துக்கு 19 மில்லிமீட்டர். அதோடு ஆஃப்செட்டில் போன 10. ஆக ரிம்மின் வெளி விளிம்பு 29 மில்லிமீட்டர் வெளியே வந்துவிட்டது. உள் விளிம்பு 9 மில்லிமீட்டர் உள்ளே போய்விட்டது. டயரின் சுவர் அந்த அளவுக்கு வெளியே வராது, ஏனென்றால் குறுகிய ரிம்மில் அது ஏற்கெனவே உப்பி நிற்கும். நான் அளந்தபோது டயர் சுவர் சுமார் 15 மில்லிமீட்டர் வெளியே இருந்தது.

ஓட்டுநர் மட்டும் இருந்தால் இந்த 15 மில்லிமீட்டர் ஒன்றும் செய்யாது. ஏழு பேர் ஏறி, ஸ்பிரிங் அமுங்கி, சரிவில் வண்டி ஒருக்களிக்கும்போதுதான் மட்கார்டும் டயரும் சந்திக்கின்றன. கடையில் சோதித்துப் பார்க்கும்போது வண்டி காலி, தரை மட்டம், சக்கரம் நேர். எல்லாம் அழகாக இருக்கும்.

இதில் சட்டப் பக்கமும் உண்டு. டயர் மட்கார்டுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. பத்து ஆண்டு தாண்டிய கார் ஆண்டுக்கு ஒருமுறை பரிசோதனைக்குப் போக வேண்டும். இந்த வண்டி மயிரிழையில் தப்பியிருக்கிறது. ரிம் விளிம்பு டயரைவிட முன்னே துருத்திக்கொண்டு நின்றதால், வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) கார் நிறுத்துமிடத்தின் கரை ஒவ்வொன்றும் அதில் கையெழுத்துப் போட்டிருந்தது. கறுப்பு ரிம்மின் அழகு ஓராண்டுகூடத் தாங்கவில்லை.

புடைப்பு: இங்கேதான் நின்று பார்க்க வேண்டும்

விட்டத்தில் மூன்று விழுக்காட்டுக்குள் வேறுபாடு இருந்தால் சரி என்பது கடைகளில் எல்லாரும் சொல்லும் வாய்ப்பாடு. கணக்கை நீங்களே போடலாம். டயர் அகலத்தை விகித எண்ணால் பெருக்கினால் சுவரின் உயரம். அதை இரட்டித்து, ரிம் அங்குலத்தை 25.4-ஆல் பெருக்கிக் கூட்டினால் மொத்த விட்டம். அசல் டயருக்கு 195-இல் 65 விழுக்காடு 126.75, இரட்டித்தால் 253.5, 15 அங்குலம் 381. மொத்தம் 634.5 மில்லிமீட்டர். மாட்டியிருந்த டயருக்கு 205-இல் 45 விழுக்காடு 92.25, இரட்டித்தால் 184.5, 17 அங்குலம் 431.8. மொத்தம் 616.3. வேறுபாடு 2.9 விழுக்காடு. வாய்ப்பாடு தேறிவிட்டது! பழைய உரிமையாளருக்கு டயர் போட்டவர் இதைத்தான் சொல்லியிருப்பார், அதில் பிழை ஒன்றும் இல்லை.

விட்டம் குறைந்ததால் வேகமானி இன்னும் கொஞ்சம் மிகைப்படுத்திக் காட்டியது. அது 90 காட்டும்போது கைப்பேசி காட்டிய உண்மை வேகம் 84. பொதுவாகவே வேகமானிகள் உண்மையைவிடச் சற்றுக் கூட்டித்தான் காட்டும். குறைத்துக் காட்டக் கூடாது என்பது விதி. தூரமானியும் அதே விகிதத்தில் கூட்டியது. லிட்டருக்கு 13 கிலோமீட்டர் கிடைக்கிறது என்று மாப்பிள்ளை பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தது உண்மையில் 12.6. இதைச் சொன்னபோதுதான் அவர் முகம் உண்மையிலேயே வாடியது.

இப்போது டயரில் எழுதியிருந்த அந்த 84.

பேருந்து டயரில் அளவுக்குப் பின்னால் 148/145 போல இரட்டை எண் இருக்கும். ஒற்றைச் சக்கரமாக நின்றால் 3,150 கிலோ, இரட்டைச் சக்கரமாக நின்றால் ஒவ்வொன்றும் 2,900 கிலோ என்று பொருள். பணிமனைக்குப் புது டயர் வந்து இறங்கியதும் நாங்கள் முதலில் பார்ப்பது அந்த எண்ணைத்தான், அகலத்தை அல்ல. நின்றுகொண்டு வருபவர்களையும் சேர்த்து எத்தனை பேர் ஏறுவார்கள் என்பது நம் கையில் இல்லை. காரில் மட்டும் ஏனோ அந்த எண்ணை யாரும் வாசிப்பதில்லை. கிலோவாக எழுதாமல் குறியீடாக எழுதியிருப்பது ஒரு காரணமாக இருக்கலாம். 84 என்றால் 500 கிலோ. 87 என்றால் 545. 91 என்றால் 615. ஏழு புள்ளிதானே என்று தோன்றும், ஆனால் அது டயருக்கு 115 கிலோ.

84-க்குப் பின்னால் இருந்த டபிள்யூ வேகக்குறி; மணிக்கு 270 கிலோமீட்டர் வரை. நம் விரைவுச்சாலையில் உச்ச வரம்பு 90, அந்தப் பக்கம் நெடுஞ்சாலையில் 110. மணிக்கு 270-இல் பறக்க அந்த டயருக்கு அனுமதி இருந்தது, தங்கையின் மாமியாரை ஏற்றிக்கொள்ளத்தான் இல்லை.

அனுமதி இல்லை என்று நான் சும்மா சொல்லவில்லை. அன்று வண்டியில் இருந்த சுமையைக் கணக்கிட்டோம். காலி வண்டி சுமார் 1,350 கிலோ. எஞ்சின் முன்னால் இருப்பதால் பின் அச்சில் விழுவது ஏறக்குறைய 540. முன் இருக்கையில் இருவர், 140 கிலோ. அதில் பின்னால் போவது 60. நடு வரிசையில் மாமனார், மாமியார், சின்னவன், 160 கிலோ; பின்னால் போவது 120. மூன்றாம் வரிசையில் பெரியவளும் மாப்பிள்ளையின் தங்கையும், 100 கிலோ. அந்த இருக்கை அச்சுக்கு மேலேயே இருப்பதால் முழுதும் பின்னால்தான், கொஞ்சம் கூடவும் செய்யும். அதற்கும் பின்னே பைகள் 40 கிலோ. கூட்டினால் பின் அச்சில் சுமார் 870 கிலோ. ஒரு டயருக்கு 435.

"500-க்கு 435, இன்னும் 65 கிலோ மிச்சம் இருக்கிறதே மச்சான்?" என்றார் மாப்பிள்ளை. நியாயமான கேள்வி. நானும் ஒரு நிமிடம் அப்படித்தான் நினைத்தேன்.

அந்த 500 கிலோ, டயரில் 250 கிலோபாஸ்கல் காற்று இருந்தால் மட்டுமே. காற்று குறையக் குறைய தாங்கும் சுமையும் குறையும். மற்ற மூன்று டயர்களையும் அழுத்தமானியால் பார்த்தேன்: 195, 190, 190. கடைசியாக எப்போது காற்றடித்தீர்கள் என்று கேட்டதற்குக் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். 190-இல் அந்த டயர் தாங்கக்கூடியது ஏறக்குறைய 400 கிலோ. அதன் மேல் 435 கிலோ, வெயில், நெடுஞ்சாலை வேகம், ஒன்றரை மணி நேர ஓட்டம். சுவர் ஒவ்வொரு சுற்றிலும் மடங்கி மடங்கிச் சூடேறியிருக்கும். அந்த நிலையில் எங்கோ ஒரு குழி. 92 மில்லிமீட்டர் உயரச் சுவர் ரிம்முக்கும் குழியின் விளிம்புக்கும் நடுவே நசுங்க, நூலிழை அறுந்தது.

இதே அலட்சியத்தை அசல் டயரோடு செய்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? சுமைக்குறி 91 உள்ள டயர் 190 கிலோபாஸ்கலில்கூட 490 கிலோவுக்கு மேல் தாங்கும். 435 அதற்குக் கீழேதான். காற்றடிக்க மறப்பது தவறுதான். ஆனால் வீட்டில் இரண்டு பிள்ளைகள், இரண்டு முதியவர்கள், இரண்டு வேலை என்று ஓடுபவர்கள் மறப்பார்கள். நிறுவனத்துப் பொறியாளர் அந்த மறதிக்கும் சேர்த்து ஒரு எண்ணை எழுதிக் கதவுத் தூணில் ஒட்டியிருந்தார். 17 அங்குலம் போட்டவர் அழகுக்காக விற்றது அந்த மிச்சத்தைத்தான்.

இன்னும் ஒன்றைப் பார்த்தோம். டயர் சுவரில் உற்பத்தித் தேதி நான்கு இலக்கத்தில் இருக்கும். அறுந்த டயரில் 3117. அதாவது 2017-ஆம் ஆண்டின் 31-ஆவது வாரம். ஏழு வயது. பள்ளத்தின் ஆழம் மூன்று மில்லிமீட்டர். சட்டம் கேட்பது 1.6 என்பதால் பரிசோதனையில் தேறும். ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்யும் ஊரில், சுமத்ரா சூறைக்காற்று விடியற்காலையில் தீவு விரைவுச்சாலையை ஏரியாக்கும்போது அந்த மூன்று மில்லிமீட்டர் போதுமா என்பது வேறு கேள்வி. டயர் அகலமாக ஆக நீரை வெளியே தள்ளும் வேலை கூடும்; பள்ளம் ஆழமில்லாத அகல டயர் மழையில் இரட்டை நட்டம்.

என்ன வாங்குவது

மூன்று வாரம் பேசினோம். முன்னால் இருந்த வழிகள் நான்கு. மாப்பிள்ளை அவற்றை ஒரு தாளில் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டியிருந்தார். தங்கை அதன் மேல் பிள்ளைகளின் பள்ளி அட்டவணையை ஒட்டிவிட்டாள்.

17 அங்குல ரிம்மையே வைத்துக்கொண்டு டயரை மட்டும் மாற்றுவது முதல் வழி. 215/45ஆர்17 என்ற அளவு கடைகளில் தாராளமாகக் கிடைக்கிறது, விட்டம் 625.3, வேறுபாடு 1.4 விழுக்காடுதான். ஆனால் அதில் சுமைக்குறி 87 உள்ளதும் உண்டு, 91 எக்ஸ்எல் (வலுவூட்டிய வகை) உள்ளதும் உண்டு; விலைப் பட்டியலில் இரண்டும் ஒரே வரியில் இருக்கும், கேட்டால்தான் தெரியும். ஏற்கெனவே உரசும் இடத்தில் இன்னும் அகல டயர் வேறு. தள்ளிவைத்தோம்.

205/50ஆர்17 93 எக்ஸ்எல் இரண்டாவது. விட்டம் 636.8, அசலோடு அநேகமாக ஒன்றே. 93 என்றால் 650 கிலோ. எண்ணைப் பார்த்தால் அசலைவிட மேல். இங்கே ஒரு கண்ணி இருக்கிறது. எக்ஸ்எல் என்னும் வலுவூட்டிய டயர் தன் முழுச் சுமையைத் தாங்குவது 290 கிலோபாஸ்கலில், 250-இல் அல்ல. கதவுத் தூணில் இருக்கும் 230-ஐ அப்படியே அடித்தால் அது தாங்குவது சுமார் 540 கிலோ; அசல் டயர் அதே 230-இல் 575 தாங்கும். எக்ஸ்எல் போட்டால் காற்றை 250-க்கு ஏற்றினால்தான் இரண்டும் சமம். டயரை மாற்றிவிட்டுப் பழைய அழுத்தத்தையே அடித்துக்கொண்டிருப்பவர்கள் எத்தனையோ பேர். ஏழு இருக்கை வண்டிக்கு 17 அங்குலம்தான் வேண்டும் என்று யாராவது பிடிவாதம் பிடித்தால் நான் இந்த அளவைத்தான் சொல்வேன், சரியான ஆஃப்செட்டோடு, அழுத்தத்தை மாற்றி எழுதி ஒட்டச் சொல்லி. மாப்பிள்ளையின் ரிம்மில் உரசல் தீராது என்பதால் இதுவும் போனது.

மூன்றாவது என் கட்சி: 15 அங்குலத்துக்கே திரும்புவது. சுவர் 127 மில்லிமீட்டர், குழியை விழுங்கும், டயர் மலிவு, வண்டிக்கு மூன்று ஆண்டு ஆயுள்தான் பாக்கி. எல்லா நியாயமும் என் பக்கம் இருந்தது.

நான் தோற்றேன். நான்காவது வழி வென்றது: 16 அங்குலம், 205/55ஆர்16 91வி. தோற்றதற்கு வருத்தமில்லை. எதிர்த் தரப்பில் இருந்த வாதங்கள் வலுவானவை. அசல் ரிம் கையில் இல்லாததால் எந்த அளவானாலும் ரிம் வாங்கித்தான் ஆக வேண்டும். 15-க்கும் 16-க்கும் விலையில் பெரிய வேறுபாடு இல்லை. 205/55ஆர்16 மிகப் பரவலான அளவு என்பதால், மழைக்கு நல்ல டயர் எது என்று நாலைந்து வகைகளை ஒப்பிட்டு எடுக்க முடிந்தது. ஜோகூரிலோ ஈப்போவிலோ ஒன்று கிழிந்தாலும் அங்கேயே அதே அளவு கிடைக்கும். மாச்சாபில் பட்ட பாட்டுக்குப் பிறகு தங்கைக்கு இந்தக் கடைசிக் காரணம் ஒன்றே போதும். விட்டம் 631.9, அசலைவிட அரை விழுக்காடுகூடக் குறையவில்லை. சுமைக்குறி அதே 91, எக்ஸ்எல் அல்லாத சாதாரண வகை, அதனால் கதவுத் தூணின் 230 அப்படியே பொருந்தும். வேகக்குறி வி, அதாவது 240. தேவைக்கு மேல் இருந்தால் தவறில்லை, கீழே போகக் கூடாது. சுவர் 113 மில்லிமீட்டர். மாப்பிள்ளையின் கண்ணுக்கும் 15-ஐவிடக் கொஞ்சம் லட்சணம். அவரும் ஒரு மனிதர்தானே.

சிங்கப்பூரின் உபி வட்டாரத்தில் ஒரு கடை. போவதற்கு முன் ஒரு தாளில் எழுதிக்கொண்டு போனேன்: அகலம் ஆறரை அங்குலம், ஐந்து துளை, 100 மில்லிமீட்டர் வட்டம், ஆஃப்செட் அசல் அளவு, மிஞ்சினால் மூன்று மில்லிமீட்டர் வேறுபாடு, 54.1 ஹப்புக்கு அலுமினிய வளையம் நான்கு, கூம்பு நட்டு. துளை வட்டத்தைப் பிசிடி என்பார்கள். இதில் ஐந்து துளை என்பதோடு நிறுத்திவிடக் கூடாது, 114.3 மில்லிமீட்டர் வட்டத்திலும் ஐந்து துளை ரிம்கள் நிறைய உண்டு. கடைக்காரர் தாளை வாங்கிப் பார்த்துவிட்டு, பிறகு 17 அங்குலத்தைப் பற்றிப் பேசவே இல்லை. டயரின் உற்பத்தித் தேதி ஓராண்டுக்குள் இருக்க வேண்டும் என்றபோது மட்டும் ஒருமுறை பெருமூச்சு விட்டார். இருந்தாலும் கொண்டுவந்தார்.

செலவு, பழைய டயர்களைக் கழித்துவிடும் கட்டணம் உட்பட, ஆயிரத்து இருநூறு வெள்ளிக்குச் சற்று மேல். 17 அங்குல ரிம்மிலேயே நல்ல எக்ஸ்எல் டயர் நான்கு போட்டிருந்தால் இதில் பாதியில் முடிந்திருக்கும் என்று மாப்பிள்ளை இரண்டு முறை சொன்னார். உண்மைதான்.

பொருத்திய பின்

வீட்டு எடைக்கருவியில் இரண்டு சக்கரங்களையும் நிறுத்துப் பார்த்தேன். பழையது டயரோடு 20 கிலோ, புதியது 17.5. ஒவ்வொரு மூலையிலும் இரண்டரை கிலோ குறைவு. சக்கரத்தில் குறையும் எடை ஸ்பிரிங்குக்குக் கீழே குறைவது என்பதால், குழியில் விழும்போது அந்த வேறுபாடு உடம்புக்குத் தெரியும். மூன்றாம் வரிசைப் பெண்ணிடம் கேட்டேன்; கைப்பேசியிலிருந்து தலையைத் தூக்காமல் "பரவாயில்லை மாமா" என்றாள். பதின்மூன்று வயதில் அது உயர்ந்த பாராட்டு.

நூறு கிலோமீட்டர் ஓடியதும் நட்டுகளை முறுக்குமானியால் மறுபடி பார்த்தோம். ஒன்று சற்றுத் தளர்ந்திருந்தது. 90-இல் ஸ்டியரிங் அசையவில்லை. கைப்பேசியில் 86. ஏழு பேரையும் ஏற்றி, நான் பின்னால் நடந்து வர, கார் நிறுத்துமிடத்தின் ஐந்து மாடிச் சரிவிலும் மேலும் கீழும் ஓட்டச் சொன்னேன். சத்தம் இல்லை. அண்டை வீட்டுக்காரர் ஒருவர் மூன்றாம் மாடியில் நின்று, என்னதான் நடக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

காற்றுக்கு ஒரு ஏற்பாடு செய்தோம். மலேசியாவுக்குப் போவதற்கு முன் முக்கால் தொட்டி எரிபொருள் இருக்க வேண்டும் என்ற விதி எப்படியும் அவர்களைப் பெட்ரோல் நிலையத்துக்குக் கொண்டுபோகும். அங்கேயே காற்றும் அடித்துவிடுவது. வீட்டிலிருந்து நிலையத்துக்கு ஒரு கிலோமீட்டர்தான் என்பதால் டயர் சூடாகியிருக்காது, அளவும் சரியாக வரும். தங்கை 230 என்ற எண்ணை ஒரு நாடாவில் எழுதி எரிபொருள் மூடியின் உள்பக்கம் ஒட்டினாள். இந்த ஆய்விலேயே மலிவானதும் பயனுள்ளதுமான திருத்தம் அது. எனக்குத் தோன்றவில்லை.

செப்டம்பர் விடுமுறையில் பத்துமலைக்குப் போய்வந்தார்கள். அதைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை.

17 அங்குல ரிம்கள் நான்கும் தங்கை வீட்டுச் சேமிப்பறையில் அரிசி மூட்டைக்கு மேல் இரண்டு மாதம் கிடந்தன. கடைசியில் ஓர் இளைஞன் வந்தான். இரண்டு கதவு வண்டி, ஐந்து துளை, 100 மில்லிமீட்டர் வட்டம். மட்கார்டில் எவ்வளவு இடம் இருக்கிறது என்று அவனே அளந்து எழுதிக்கொண்டு வந்திருந்தான். எத்தனை பேர் போவீர்கள் என்று கேட்டேன். "நானும் என் தோழியும்தான் அங்கிள்" என்றான். அவன் வண்டியின் ஹப் அளவைக் கேட்டு, அதற்கான வளையம் நான்கு வாங்கிக்கொள்ளும்படி ரசீதின் பின்னால் எழுதிக் கொடுத்தேன்.